உதடும் யாப்பும்



மொழிமாற்றுத் திரைப்படம் என்றதும் புலமையுடையோர் முகம் சுளிப்பது வழக்கம். விசித்திர விலங்குகளை வேட்டையாடும் அயல்நாட்டுச் சண்டைப்படத்துக்கு இலக்கிய மேடையில் இடமுண்டா என்று வினவலாம். உண்டு. தொல்காப்பிய மரபியல் வழிநூல் வகை நான்கனுள் மொழிபெயர்ப்பையும் ஒன்றாக வைக்கிறது. திரையில் நிகழ்வதும் மொழிபெயர்ப்பே. அதுவும் கடுமையான கட்டுக்குள் நிகழ்வது.

அக்கட்டு யாது? உதட்டசைவு. பகரமும் மகரமும் இதழ் இயைந்தாலன்றிப் பிறவா. நடிகையின் வாய் மூடுமிடத்தில் தமிழிலும் அத்தகைய ஒலி அமையவேண்டும். அவள் வாய் ஓயும் நொடியில் தொடரும் ஓயவேண்டும். இது தமிழ்ப் புலவர்க்குப் புதிதன்று. இதழ் ஒட்டாமலும் குவியாமலும் பாடும் நிரோட்டகத்தை முன்னோர் சித்திரகவியுள் வைத்தனர். 17ஆம் நூற்றாண்டில் துறைமங்கலம் சிவப்பிரகாசர் ‘திருச்செந்தில் நிரோட்டக யமக அந்தாதி’யையே அவ்வாறு பாடினார். உதட்டுக்கு ஆணையிட்டார் அப்புலவர். உதட்டின் ஆணையை ஏற்கிறார் மொழிமாற்று உரையாடல் ஆசிரியர். இரண்டும் யாப்பே.

கன்னட ‘ஹரிச்சந்திரா’வை ஏவி. மெய்யப்பச் செட்டியார் தமிழ் பேச வைத்தது 1944இல். அம்மரபில் அண்மையில் வந்தது ‘மான்ஸ்டர் ஹண்டர்’. ஜப்பானிய நிறுவனமான கேப்காமின் காணொலி விளையாட்டைத் தழுவிப் பால் ஆண்டர்சன் இயக்கிய இப்படம், 2020இல் வெளிவந்து 2021இல் தமிழ்க் குரலுடன் நம் அரங்குகளுக்கு வந்தது.

வேற்றுலகில் விழுந்த படைத்தலைவி ஆர்ட்டெமிஸ், அங்கே ஒரு வேட்டுவனைச் சந்திக்கிறாள். ஒருவர் மொழி மற்றவர்க்குத் தெரியாது. முதலில் மோதல், பின்னர்ச் சைகை, பின்னர் அவள் நீட்டும் சாக்லேட்டு. அச்சொல்லே இருவர்க்கும் பொதுமொழியாகிறது.

மொழிமாற்றுவோரின் நுண்மை இங்கேதான் சோதிக்கப்படுகிறது. அவள் ஆங்கிலம் தமிழாகலாம். வேட்டுவன் பேசுவதோ படத்துக்கெனப் புனைந்த மொழி. அதையும் தமிழாக்கினால் காட்சி செத்துவிடும். அவளோடு சேர்ந்து பார்ப்பவரும் விளங்காமல் தவிக்கவேண்டும். எதைப் பெயர்ப்பது என்பதினும் எதைப் பெயர்க்காது விடுவது என்பதே அரிய கலை. தமிழும் உருதும் தெலுங்கும் கடைத்தெருவில் கலக்கும் ஆம்பூர், வாணியம்பாடி வட்டாரத்தார்க்கு இதை விளக்கவும் வேண்டுமோ?

ஒரு சொல்லின் ஆற்றலுக்கு இப்படமே சான்று. 2020 டிசம்பரில் சீனத்தில் வெளியான உடனேயே அது திரும்பப் பெறப்பட்டது. முழங்காலைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லை வைத்து ஒரு வீரன் ஆடிய சிலேடையே காரணம். தயாரிப்பாளர் மன்னிப்புக் கேட்டு அவ்வரியை நீக்கினர். சிலேடையை விளையாட்டென்று எண்ணும் கவிஞர் இதை நினைவிற்கொள்க.

இனி, ‘மான்ஸ்டர்’ என்பதற்குத் தமிழ் யாது? அரக்கன் என்றால் பேசுவான். பூதம் என்றால் சிவகணம் நினைவுக்கு வரும். விலங்கு என்றால் அச்சம் குன்றும். விடை தொலைவில் இல்லை. வேலூர்க் கோட்டைக்குள் சலகண்டேசுவரர் கோயில் கல்யாண மண்டபத் தூண்களில் யாளிகள் பாய்ந்து நிற்கின்றன. சிற்பி கண்ட உருவுக்குப் பெயர் நம்மிடம் இருந்தும், வசனத்தில் அது ஏறத் தயங்குகிறது.

தோல் தொழிற்சாலையில் பகலெல்லாம் உழைத்துத் திரும்பும் தொழிலாளி, உலகக் கதைகளை இத்தகைய குரல்கள் வழியேதான் கேட்கிறார். அவர் காதில் விழுவது உயிரற்ற தமிழாயின் குறை யாருடையது? இகழ்ந்து விலகி நின்ற புலமையுடையோர்க்கும் அதில் பங்குண்டு. பத்தாண்டு நிறைந்த இவ்வட்டத்தின் கவிஞர்கள் ஒலிப்பதிவுக் கூடத்தின் வாயிலையும் தட்டுக. யாப்பறிந்தவர்க்கு அங்கே வேலை இருக்கிறது.