அழிக்கும் கையும் தீர்மானிக்கும் கையும்



நினைவுச் சொற்பொழிவில் சினிமாவின் விஎஃப்எக்ஸ் வேலையைப் பற்றி ஏன் பேசுகிறோம்? பெரம்பலூரிலும் அரியலூரிலும் கணினி படித்துவிட்டு நகரத்துக்குப் போகும் நம் பிள்ளைகளுக்கு முன்னால் இருக்கும் வேலைகளில் அதுவும் ஒன்று என்பதால்தான்.

அதன் முதல் படி ரோட்டோ. ஓடும் ஆளைப் பின்னணியிலிருந்து பிரித்தெடுக்க, ஒவ்வொரு பிரேமிலும் அவர் உருவத்தைச் சுற்றிக் கோடு சரிசெய்ய வேண்டும். நொடிக்கு 24 பிரேம். 10 நொடிக் காட்சிக்கு 240. நடிகரைத் தாங்கும் கம்பியை அழிப்பதும் இதே வகை உழைப்பு. நன்றாகச் செய்தால் செய்ததே தெரியாது. உழைப்பும் தெரியாது, உழைத்தவரும் தெரியமாட்டார். இந்த நிலை நமக்குப் புதிதல்ல.

புதுச்சேரியில் தொடங்கும் 'லைஃப் ஆஃப் பை' படத்தின் புலியை உருவாக்கிய ரிதம் அண்ட் ஹியூஸ் நிறுவனம் 2013 பிப்ரவரியில் திவால் மனு கொடுத்தது. இரண்டு வாரத்துக்குள் அந்தப் படத்தின் விஎஃப்எக்ஸுக்கு ஆஸ்கர் கிடைத்தது. வெளியே நூற்றுக்கணக்கான தொழிலாளர்கள் போராடினார்கள். உள்ளே, விருது பெற்றவர் நிறுவனத்தின் நெருக்கடியைச் சொல்லத் தொடங்கியதும் இசையை ஒலிக்கவிட்டுப் பேச்சை நிறுத்தினார்கள். அவர்களிடம் திறமை இருந்தது. தீர்மானிக்கும் அதிகாரம் இல்லை.

பிரிட்டனின் கேரத் எட்வர்ட்ஸும் தொலைக்காட்சிக்கு விஎஃப்எக்ஸ் செய்தவர்தான். 2010இல் 'மான்ஸ்டர்ஸ்' என்ற சுயாதீனப் படத்தைத் தானே எழுதி, இயக்கி, ஒளிப்பதிவு செய்து, சுமார் 250 விஎஃப்எக்ஸ் காட்சிகளை வீட்டுக் கணினியிலேயே முடித்தார். 2014இல் ஹாலிவுட்டின் 'காட்ஸில்லா'வை இயக்கினார். லாட்வியாவின் 'ஃப்ளோ' பிளெண்டர் என்ற இலவச மென்பொருளில் உருவாகி 2025இல் ஆஸ்கர் பெற்றது.

மென்பொருள் இலவசம். நல்ல கணினி இலவசமல்ல. சம்பளமில்லாமல் கற்கும் மாதங்களும் இலவசமல்ல. அந்த அவகாசம் கூலி வீட்டுப் பிள்ளைக்கு இல்லை. திறமைப் பற்றாக்குறை என்று வெளியில் சொல்லப்படுவது பெரும்பாலும் இந்த அவகாசப் பற்றாக்குறையே. இரவுப் பள்ளியும் படிப்பகமும் நடத்திய இயக்கம் நம்முடையது. அதே வழியில் ஒரு கணினி அறையையும் ஓராண்டு உதவித்தொகையையும் நம்மால் உண்டாக்க முடியும்.

எதைக் காட்டுவது? சாத்தனூர் கல்மரமும் காரையின் புதைபடிவங்களும் இங்கே ஒரு காலத்தில் கடல் இருந்ததைச் சொல்கின்றன. அந்தக் கடலைத் திரையில் எழுப்பலாம். அந்தக் கடல் இருந்த மண்ணின்மேல்தான் இன்று ஊரும் சேரியும் தனித்தனியாக நிற்கின்றன. அதையும் காட்டலாம். எரிந்த குடிசைகளின் கதையைச் சொல்ல இனி எவர் குடிசையையும் கொளுத்திப் படமெடுக்க வேண்டியதில்லை. தீயைக் கணினியில் மூட்டிக்கொள்ளலாம். ஆனால் கேமரா யார் பக்கம் நிற்கும் என்பதைக் கணினி முடிவு செய்யாது.

திரையிலிருந்து எதை அழிப்பது, எதை நிறுத்துவது என்று தீர்மானிக்கும் இடத்தில் நாம் அமர வேண்டும். மாணவர்களே, ரோட்டோவைக் கற்றுக்கொள்ளுங்கள், ரோட்டோவோடு நின்றுவிடாதீர்கள்.

ஜெய்பீம்.