பியூலாவின் குரல் யாருடையது?

(கருத்தரங்கில் பேசியதன் எழுத்து வடிவம்)



1944இல் அமெரிக்க வானொலியில் ஒரு நகைச்சுவைத் தொடர் வந்தது. அரங்கத்தில் பார்வையாளர்களை உட்கார வைத்தே ஒலிபரப்புவார்கள். மார்லின் ஹர்ட் என்கிற வெள்ளைக்கார ஆம்பளை, கூட்டத்துக்கு முதுகைக் காட்டிக்கிட்டு நிற்பார். தன் முறை வந்ததும் சட்டென்று திரும்பி, பியூலா என்ற கறுப்பு வேலைக்காரியின் குரலில் கத்துவார். இந்த ஆளிடமிருந்தா இந்தக் குரல் என்று கூட்டம் விழுந்து விழுந்து சிரிக்கும். அரங்கத்தில் இருப்பவனுக்காவது ஆள் தெரியும். வீட்டில் ரேடியோ கேட்டவனுக்கு? கறுப்புப் பொம்பளை இப்படித்தான் பேசுவாள் என்பதுதானே மனசில் பதியும்?

1945இல் பியூலாவுக்குத் தனித் தொடரே வந்தது. 1946இல் ஹர்ட் இறந்துபோனார். அடுத்து யாரைப் போட்டார்கள் என்கிறீர்கள்? இன்னொரு வெள்ளைக்கார ஆம்பளையை. அந்தப் பாத்திரத்துக்கு ஒரு கறுப்புப் பெண் வர 1947 நவம்பர் ஆச்சு. வந்தவர் ஹாட்டி மெக்டேனியல். அமெரிக்க வானொலித் தொடர் ஒன்றுக்கு நாயகியான முதல் கறுப்பினப் பெண்.

ஹாட்டியின் அப்பா அம்மா இருவரும் அடிமைகளாக இருந்தவர்கள். அப்பா உள்நாட்டுப் போரில் வடக்குப் படையில் சண்டை போட்டவர். 1920களின் நடுவிலேயே டென்வர் வானொலியில் ஹாட்டி பாடிவிட்டார். 1929 பொருளாதாரச் சரிவில் பிழைப்பு போய், மில்வாக்கி நகரத்து விடுதி ஒன்றில் கழிவறைப் பணியாளாக நின்றார். 1931இல் லாஸ் ஏஞ்சல்ஸ் போய் மறுபடியும் வானொலி. நிகழ்ச்சியில் பேர் வாங்கினார், சம்பளம்தான் பத்தலை. அதனால் ரேடியோவில் பாடிக்கொண்டே வீட்டு வேலையும் பார்த்தார். 1940இல் அவர் வாங்கிய ஆஸ்கார் எல்லோருக்கும் தெரியும். அந்த விருந்தில் அவரைச் சக நடிகர்களோடு உட்கார விடாமல் சுவரோரம் தனி மேசை போட்டதை யாரும் அவ்வளவாகப் பேசுவதில்லை.

பியூலாவுக்கு வருவோம். கொச்சைப் பேச்சுப் பேச மாட்டேன், பிடிக்காத வசனத்தை மாற்றுவேன் என்று ஒப்பந்தத்திலேயே எழுதி வாங்கிக்கொண்டார். வாரம் 1000 டாலர் சம்பளம். முந்தின இரண்டு ஆம்பளைகளும் சிரிப்பு வாங்கியதே அந்தக் கொச்சையை வைத்துத்தான். அதைக் கழற்றி எறிந்த பிறகும் தொடர் ஓடியது, முன்னைவிட நன்றாகவே ஓடியது.

வேலைக்காரி வேஷம்தானே, இதில் என்ன பெருமை என்று நம்மிலேயே சிலர் கேட்கிறீர்கள். அன்றைக்குக் கறுப்பின இயக்கத்துக்குள்ளேயே இந்தக் கேள்வி இருந்தது. 1942இல் வால்டர் வைட் ஹாலிவுட்டுக்கே போய், கறுப்பருக்கு வேறு பாத்திரம் கொடு என்று கேட்டார். கேட்டது நியாயம். ஆனால் அடி விழுந்தது கதை எழுதிய வெள்ளை முதலாளி மேல் இல்லை, அடுப்படிப் பாத்திரம் தவிர வேறு கிடைக்காத நடிகைகள் மேல். இதை என்னால் ஒத்துக்கொள்ள முடியவில்லை. வேலைக்காரியாக இருந்து 7 டாலர் வாங்குவதைவிட, வேலைக்காரியாக நடித்து 700 வாங்குவேன் என்று ஹாட்டி சொன்னதாகச் சொல்வார்கள். இரண்டையும் பார்த்தவர் அவர்.

அடங்கிப் போனவர் என்றும் சொல்லாதீர்கள். லாஸ் ஏஞ்சல்ஸில் கறுப்பருக்கு விற்கக் கூடாது என்று பத்திரத்தில் எழுதி வைத்திருந்த பகுதியில் வீடு வாங்கினார். அக்கம்பக்கத்து வெள்ளையர் வழக்குப் போட்டார்கள். மற்ற கறுப்பின வீட்டுக்காரர்களோடு சேர்ந்து நின்று 1945 டிசம்பரில் ஜெயித்தார். அப்படிப்பட்ட பத்திர நிபந்தனைகளை நீதிமன்றங்கள் அமல்படுத்தக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது 1948இல்தான்.

தொலைக்காட்சி வந்ததும் கதை மாறியது. ரேடியோவில் கேட்டது குரல் மட்டும். திரையில் ஏப்ரனும் சமையல்கட்டும் முன்னால் வந்து நின்றன. 1950இல் எத்தல் வாட்டர்ஸ் தொடங்கிய அந்தத் தொடரில் ஹாட்டி ஆறு பகுதிதான் நடித்தார். உடம்பு முடியாமல் போய், லூயிஸ் பீவர்ஸ் அந்த இடத்துக்கு வந்தார். 1952 அக்டோபரில் மார்பகப் புற்றுநோயால் ஹாட்டி இறந்தார்.

ஹாலிவுட் கல்லறைத் தோட்டத்தில் தன்னைப் புதைக்கணும் என்பது அவர் ஆசை. வெள்ளையருக்கு மட்டும்தான் என்று மறுத்துவிட்டார்கள். சுடுகாட்டுப் பாதைக்கே சண்டை போடுகிற நமக்கு இதை விளக்க வேண்டியதில்லை. 1999இல் அங்கே அவருக்கு நினைவுக்கல் வைத்தார்கள். உடல் ரோஸ்டேல் கல்லறையிலேயே இருக்கிறது.