சுவர் நகர்ந்த ஊர்

இன்றைய பயணம் புனேக்கு.

நகரத்திலிருந்து சுமார் 25 கிலோமீட்டரில், இந்திராயணி ஆற்றங்கரையில் ஆளந்தி இருக்கிறது. அங்கே ஒரு பழைய சுவரைக் காட்டுவார்கள். புலிமேல் ஏறி, பாம்பைச் சாட்டையாகப் பிடித்து வந்தாராம் சாங்கதேவர் என்ற யோகி. அவரை எதிர்கொள்ள மராத்திய பக்திக் கவி ஞானேஸ்வரரும் உடன்பிறந்தவர்களும் தாங்கள் உட்கார்ந்திருந்த சுவரையே நகர்த்திக்கொண்டு போனார்களாம். 1296இல், 21 வயதில், ஞானேஸ்வரர் ஜீவசமாதி அடைந்ததும் இந்த ஊரில்தான். அதே ஆற்றங்கரையில் தேஹூ, இன்னொரு பக்திக் கவியான துக்காராமின் ஊர். ஆற்றில் மூழ்கடித்த அவருடைய அபங்கப் பாட்டு ஏடுகள் நனையாமல் மேலே வந்தன என்பது அந்த ஊர்க் கதை.

சுவர் நகர்வதும் ஏடு மிதப்பதும் கனவில் நடக்கிற காரியம் என்று தோன்றும். ஆனால், பல லட்சம் பேருக்கு ஒரே உணர்ச்சி வந்துவிட்டால் ஒரு பெருநகரமே தன் இயல்பை மாற்றிக்கொள்வதை ஆனி மாத வாக்கில் புனேயில் கண்ணாலேயே பார்க்கலாம்.

அதுதான் பண்டரிபுரம் வாரி. இரு மகான்களின் பாதுகைகளையும் பல்லக்கில் வைத்து, சுமார் 250 கிலோமீட்டர், ஏறத்தாழ மூன்று வாரம் நடந்து, ஆஷாட ஏகாதசிக்குப் பண்டரிபுரம் கோயிலில் விட்டலன், அதாவது விட்டோபா என்ற தெய்வத்திடம் சேர்கிறார்கள். துக்காராமின் மகன் நாராயண மகராஜ் 1685இல் பல்லக்கு வழக்கத்தைத் தொடங்கினார். இரு பல்லக்குகளும் தனித்தனியே புறப்பட்டுப் புனேக்கு வருகின்றன. ஞானேஸ்வரர் பவானி பேட்டையிலும், துக்காராம் நானா பேட்டையிலும் விட்டோபா கோயில்களில் தங்குகிறார்கள்.

அந்த நாட்களில் ஃபெர்குசன் கல்லூரிச் சாலையில் வண்டிகளுக்கு இடமில்லை. திண்டி திண்டியாக, அதாவது குழுக் குழுவாக, வாரி நடக்கும் பக்தர்களான வார்கரிகள் வருகிறார்கள். ஒருவர் தோளில் வீணை, சுற்றிலும் தாளம், நடுவே மிருதங்கம். பெண்களின் தலையில் துளசி மாடம். எதிர்ப்படும் எவரையும் ‘மாவுலி’, அதாவது ‘தாயே’ என்றுதான் அழைக்கிறார்கள். கிழவரும் மாவுலி, காவல்காரரும் மாவுலி. ஒருவர் காலில் ஒருவர் விழுகிறார்கள். வயதும் பதவியும் பார்ப்பதில்லை. தெருவோரத்தில் நாவிதர் காசு வாங்காமல் சவரம் செய்கிறார், செருப்புத் தைப்பவர் அறுந்த வாரைத் தைத்துக் கொடுக்கிறார், கல்லூரி மாணவர்கள் முன்பின் தெரியாத விவசாயிகளின் பாதங்களுக்கு எண்ணெய் தேய்க்கிறார்கள். மற்ற நாளில் சிக்னலில் ஒரு நொடி பொறுக்காத நகரம் இது!

புனேக்குத் தென்கிழக்கே, துக்காராம் பல்லக்கு போகும் வழியில், இந்தாப்பூர் வட்டத்துப் பெல்வாடியில் ‘ரிங்கண்’ நடக்கும். கூட்டம் வட்டமாக விலகி நிற்க, ஆளில்லாக் குதிரை ஒன்று சுற்றி ஓடுகிறது. அதன்மேல் மகான் வீற்றிருப்பதாக ஜனங்கள் நம்புகிறார்கள். ஓட்டம் முடிந்ததும் குளம்படி மண்ணை எடுத்து நெற்றியில் இட்டுக்கொள்ள முண்டியடிக்கிறார்கள். பிரெஞ்சு சமூகவியலாளர் எமில் துர்க்கைம் 1912இல் எழுதியதும் இத்தகைய உணர்ச்சியைப் பற்றித்தான்: கூட்டம் ஒன்றாகப் பொங்கும்போது தனி மனிதர் தம்மைவிடப் பெரிய ஒன்றை உணர்கிறார், புனிதம் என்பதே அங்கே பிறக்கிறது.

இத்தோடு நிறுத்திக்கொண்டால் அது சுற்றுலாத் துறை விளம்பரமாகிவிடும். புனே டெக்கான் கல்லூரியின் மானிடவியல் அறிஞர் ஐராவதி கார்வே தாமே இந்த வழியில் நடந்து எழுதினார். பாட்டு ஒன்றாகத்தான் இருந்தது. ஆனால் சாதிவாரியாகப் பிரிந்து நடந்தார்கள், தனித்தனியே சமைத்து உண்டார்கள். அந்தப் பிரிவு அவரை வாட்டியது. போய்ச் சேர்ந்த இடத்திலும் அதே கதைதான். 14ஆம் நூற்றாண்டில் மகார் சாதியில் பிறந்த பக்தர் சோகாமேளாவுக்குப் பண்டரிபுரம் கோயிலுக்குள் இடமில்லை. அவருடைய சமாதியும் வாசலுக்கு வெளியேதான். ஞானேஸ்வரரின் சுவர் நகர்ந்த கதையைப் பாடியபடியே நூற்றாண்டுகளாக நடந்தார்கள்; கோயில் கதவு மட்டும் நகரவில்லை.

அது நகர்ந்தது 1947 மே மாதம். காந்தியவாதி எழுத்தாளர் சானே குருஜி ஊர் ஊராகப் போய்ப் பேசி, பண்டரிபுரத்தில் உண்ணாவிரதம் இருந்த பிறகே தலித் மக்களுக்குக் கோயில் திறந்தது. பொங்கும் உணர்ச்சி மூன்று வாரத்துக்கு மனிதரை மாற்றும். அதைப் பிடித்துக்கொண்டு, ‘அந்தச் சமத்துவம் ஏன் வாசலோடு நின்றுவிடுகிறது?’ என்று ஒருவர் பிடிவாதமாகக் கேட்டால்தான் அடுத்த வருஷத்துக்கும் அது மிஞ்சும்.

போக நினைப்பவர்கள் அந்த ஆண்டின் ஆஷாட ஏகாதசித் தேதியைப் பார்த்து, அதற்குச் சுமார் மூன்று வாரம் முன்பே கிளம்புங்கள். மழைக்கோட்டு வேண்டும், தேய்ந்து பழகிய செருப்பு வேண்டும். ஞானேஸ்வரர் பல்லக்கோடு திவே மலைச்சாலை ஏறிச் சாஸ்வட் வரை ஒரு பகல் நடந்தாலே போதும். பண்டரிபுரம் வரை போகிறவர்கள், முதலில் சோகாமேளாவின் சமாதியைக் கும்பிட்டுவிட்டு, விட்டலனைப் பார்க்க வரிசைக்குப் போங்கள்.