ஓடியவர் ஆசான் ஆகும்போது



விளையாட்டைக் குறித்துச் சில சொல்லுமாறு சங்கத்தார் நம்மைப் பணித்தனர். இருப்புப்பாதை அலுவலகத்தில் ஏடு எழுதிப் பிழைக்கும் நாம் ஓடி வென்றவரல்லர். ஆயினும், வித்துராவிலும் பொன்முடி, போணக்காட்டு லயங்களிலும் வாழும் தமிழ்ப் பெற்றோர் கேட்கும் கேள்வி ஒன்றை நாம் அறிவோம். “இருபத்தைந்து வயதில் ஆட்டம் ஓய்ந்தபின் பிள்ளை எதை உண்பான்?” என்பதே அது. அதற்கு விடையாக ஒருவரது வாழ்வை இங்கே எடுத்துரைக்க விழைகின்றோம்.

அவர் ஓ. எம். நம்பியார். கோழிக்கோடு மாவட்டத்தவர். இந்திய விமானப் படையில் பணியாற்றியபோது ஓட்ட வீரராய்த் திகழ்ந்தார். ஆனால், பன்னாட்டுக் களத்தில் இந்தியாவுக்காக ஓடும் பேறு அவருக்கு வாய்க்கவில்லை. அதனால் மனம் சோர்ந்து அவர் களத்தை விட்டு விலகினாரா? இல்லை. பாட்டியாலாவிலுள்ள தேசிய விளையாட்டுக் கழகத்தில் பயிற்சியாளருக்குரிய கல்வியைக் கற்றுத் தேர்ந்தார். கேரள விளையாட்டுத் துறையை வளர்த்தவரும் 1971-ல் மறைந்தவருமான கர்னல் கோதவர்ம ராஜாவின் அழைப்பு அவரைக் கேரளத்துக்குக் கொணர்ந்தது. நமக்கு அண்மையில், அருவிக்கரையை அடுத்த மயிலத்தில் உள்ள விளையாட்டுப் பள்ளி அந்த ராஜாவின் பெயர் தாங்கியதே.

கண்ணூரில் நம்பியாரின் கண்ணில் பட்ட மெலிந்த சிறுமியே பி. டி. உஷா. 1984-ல் லாஸ் ஏஞ்சல்ஸ் ஒலிம்பிக்கில் பெண்களுக்கான 400 மீட்டர் தடையோட்டம் முதன்முறையாகச் சேர்க்கப்பட்டது. அதற்கு உஷாவை ஆயத்தம் செய்தவர் நம்பியார். அவ்வோட்டத்தில் தடைகள் பத்து. ஒன்றுக்கும் அடுத்ததற்கும் இடையே 35 மீட்டர். அந்த இடைவெளியில் எத்தனை அடி வைப்பது, எந்தக் காலை முன்னே வீசித் தாண்டுவது என்பவற்றையெல்லாம் எண்ணிக் கணக்கிட வேண்டும். ஓடத் தெரிந்தவர்க்கெல்லாம் அக்கணக்குத் தெரியும் என்பதில்லை. ஆதலின் ஆடுவது ஒரு கலை. ஆட்டுவிப்பது வேறொரு கலை. இரண்டாவதற்குத் தனிக் கல்வி வேண்டும்.

உஷா 55.42 நொடியில் ஓடி நான்காமிடம் பெற்றார். மூன்றாமவரின் நேரம் 55.41. ரயில் ஒரு மணி நேரம் தாமதித்தாலும் பொறுத்துக்கொள்ளும் நமக்கு, நொடியில் நூற்றில் ஒரு பங்கின் விலை அன்றுதான் விளங்கிற்று! ஆசானும் மாணவியும் மனம் தளரவில்லை. 1986-ல் சியோல் ஆசிய விளையாட்டில் நான்கு தங்கமும் ஒரு வெள்ளியும் வந்தன. இதற்கிடையே, 1985-ல் துரோணாச்சாரியார் விருது தொடங்கப்பெற்றபோது அதனை முதன்முதல் பெற்றோருள் நம்பியாரும் ஒருவரானார். 2021-ல் பத்மஸ்ரீ அறிவிக்கப்பெற்றது. அவ்வாண்டு ஆகஸ்டிலே அவர் மறைந்தார். தமக்குக் கிட்டாத களத்தைத் தம் மாணவிக்குத் திறந்துவிட்டவர் அவர்.

அவ்விளக்கு அவரோடு அணைந்துவிடவில்லை. நம் தென்னக ரயில்வேயில் பணிபுரிந்த உஷா, தாம் ஓய்ந்தபின் ஓட்டப்பள்ளி தொடங்கினார். அங்கே பயின்ற டின்டு லூக்கா 2010-ல் 800 மீட்டரை 1 நிமிடம் 59.17 நொடியில் ஓடித் தேசிய சாதனை படைத்தார். ஓடியவர் ஆசானானார், அவர் மாணவியும் பின்னர் ஆசானானார்.

இளைஞர்களே! கால்கள் ஓயும் நாள் ஒன்று வரும். அதற்குமுன் படிப்பைக் கைவிடாதீர். பயிற்சியாளர் தொழில் சம்பளமும் மதிப்பும் உள்ள தொழில். பெற்றோரே! பந்தின் பின்னே ஓடும் பிள்ளையைக் கெட்டுப்போனவன் என்று கருதற்க. சங்கத்தாருக்கும் ஒரு விண்ணப்பம்: பரிசுக் கோப்பைகளுக்குச் செலவிடும் தொகையில் ஒரு பங்கை ஆண்டுதோறும் ஒதுக்கி, நம் பிள்ளைகளில் ஒருவரையேனும் பயிற்சியாளர் கல்விக்கு அனுப்பி வையுங்கள். கோப்பை அலமாரியில் இருக்கும். ஆசான் ஒருவர் உருவானால் லயந்தோறும் வீரர் தோன்றுவர்.

வாழ்க தமிழ்! வளர்க நம் சங்கம்!