கேம் திரும்ப வரும், சேவ் வராது

2023 டிசம்பர், மிக்ஜாம் புயல். ஆவடியில எங்க வீட்டுக்குள்ள தண்ணி புகுந்தப்போ டிவியைக் கட்டில் மேல ஏத்தினோம். மேஜைக்குக் கீழே இருந்த சிபியூவை மறந்துட்டோம். மைன்கிராஃப்ட்டை மறுபடி இறக்கிக்கலாம். ஆனா நானும் தம்பியும் லாக்டவுன் முழுக்கக் கட்டின ஊர், ஹார்டு டிஸ்க்கோட போச்சு.

அதனால இன்னைக்கே பண்ணிடுங்க. விண்டோஸ் கீயோட ஆர் அழுத்தி, %ஆப்டேட்டா%ன்னு ஆங்கிலத்துல அடிங்க. ஜாவா எடிஷன்னா, '.மைன்கிராஃப்ட்' ஃபோல்டருக்குள்ள 'சேவ்ஸ்' இருக்கும். ஜிடிஏ சான் ஆண்ட்ரியாஸ்னா, டாக்குமெண்ட்ஸ்ல 'யூசர் ஃபைல்ஸ்'னு முடியுற ஃபோல்டர். கேமை மூடிட்டு, அதை அப்படியே பென்டிரைவ்ல ஒண்ணு, கூகுள் டிரைவ்ல ஒண்ணு காப்பி பண்ணுங்க. ஏன் ரெண்டு? தண்ணி வந்தா பென்டிரைவும் அதே வீட்லதானே இருக்கும்!

தம்பியோட புது ஊர் கட்ட ஆரம்பிச்சாச்சு. ஞாயித்துக்கிழமையானா முதல்ல காப்பி, அப்புறம்தான் கேம்.