பெயரின் வேரும் பொருளும்



நாம் கூடியிருக்கும் இம்மலை, 1885-இல் இப்பகுதியை அளக்க வந்த வில்லியம் கேமரனின் பெயரைத் தாங்கி நிற்கிறது. தானா ராத்தா என்பதற்கு மலாய் மொழியில் சமநிலம் என்பது பொருள். ஆயின், 1929-இல் தோன்றிய போ தேயிலைத் தோட்டத்தின் பெயருக்கு இரு விளக்கங்கள் வழங்குகின்றன. ஆங்கிலத் தொடரொன்றின் முதலெழுத்துச் சுருக்கம் என்பர் சிலர். சீனத்துத் தேயிலை மலையொன்றின் பழம்பெயரான 'போஹி' என்பதிலிருந்து வந்தது என்பர் வேறு சிலர். கேட்பதற்கு இனிமையாயிருப்பதாலேயே ஒரு விளக்கம் உண்மையாகிவிடாது. நம் பிள்ளைகளின் பெயர்களையும் இவ்வாறே ஆராய வேண்டும்.

பெயர்ப் பட்டியல் நூல்கள் பல, கண்ட சொல்லையெல்லாம் தூய தமிழ் என்கின்றன. அகிலன் என்னும் பெயரை எடுத்துக்கொள்வோம். மணம் கமழும் அகில் மரம் தமிழ்ச்சொல். 'முழுமை' எனப் பொருள்படும் அகிலம் வடசொல். எதனைக் கருதிப் பெயரிட்டனர் என்பதைப் பெற்றோரே சொல்ல இயலும். ஓவியா என்பதன் அடிச்சொல் தமிழ். ஆகார ஈறோ அண்மைக்கால வழக்கு. மீனாட்சியில் 'அட்சி' வடசொல்; 'மீன்' நம்முடையது. அப்பெயரையே அங்கயற்கண்ணி எனத் தமிழாக்கினர் முன்னோர்.

சரிபார்க்கக் கருவிகள் உள்ளன. சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதி 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளிவந்தது. பரோவும் எமனோவும் தொகுத்த திராவிடச் சொற்பிறப்பியல் அகரமுதலி 1961-இல் வந்தது; அதன் இரண்டாம் பதிப்பு 1984-இல். மொழிமுதல் எழுத்துகளைத் தொல்காப்பியம் வரையறுக்கிறது. ரகரமும் லகரமும் அவற்றுள் இல்லை. எனவே அவற்றில் தொடங்கும் பெயர் பிறமொழி வழி வந்தது எனக் கொள்ளலாம். ஆயினும் ககரத்தில் தொடங்குவதாலேயே கவிதா தமிழ்ச்சொல்லாகிவிடாது.

வடமொழிப் பெயர் சூட்டுவது குற்றமன்று. இல்லாத பொருளை இருப்பதாகக் கற்பிப்பதே பிழை.

இந்நாட்டில் பிறப்புச் சான்றிதழில் பெயர்கள் உரோமன் எழுத்திலேயே பதிவாகின்றன. அங்கே அரன், அறன், அரண் மூன்றும் ஒன்றாகிவிடும். முதலாவது சிவபெருமானைக் குறிக்கும், இரண்டாவது அறத்தை, மூன்றாவது கோட்டையை. தமிழ்ப்பள்ளியில் சேரும் பிள்ளையின் பெயரைத் தமிழில் எழுதும் ஆசிரியரின் கையில்தான் அதன் பொருள் தங்கியிருக்கிறது. ஊகித்து எழுதாமல் பெற்றோரைக் கேட்டு எழுதுதல் நம் கடமை.

மற்றொன்றும் உண்டு. தோட்டத்துப் பாட்டன் பாட்டியர் பெயர்களைக் கேட்டு இளையோர் சிலர் நாணுகின்றனர். குப்பன், குப்பம்மாள் என்பன இழிவைச் சுட்டியவை அல்ல. முன்பிறந்த பிள்ளைகளைப் பறிகொடுத்தோர், அடுத்த பிள்ளையைக் குப்பைமேட்டில் கிடத்தி எடுத்து, கூற்றுவன் கண் படாதிருக்க அப்பெயரிட்டனர். பிள்ளை பிழைக்கவேண்டும் என்னும் வேண்டுதலே அப்பெயரின் பொருள். இதனை அகராதியில் மட்டும் தேடினால் 'குப்பை' என்பதே கிடைக்கும்; வீட்டு முதியோரைக் கேட்டால்தான் வரலாறு கிடைக்கும்.

ஆதலின் மாணவர்களே, உங்கள் பெயரைத் தமிழில் எழுதுங்கள், அகராதியில் தேடுங்கள், இட்டவரிடம் காரணம் கேளுங்கள். மூன்றையும் ஓரேட்டில் குறித்து வையுங்கள். ஆசிரியர்கள் அவற்றைத் தொகுத்தால், இம்மலைத் தோட்டத் தமிழரின் பெயர் வரலாறு நம் பள்ளிகளிலேயே உருவாகும்.