முட்டுக்கட்டை போடுபவர்கள்

முன்னாள் மாணவர் சந்திப்பு விழாவில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்



"மெக்கானிக்கல் சம்பந்தமா, பசங்க தூங்காத மாதிரி ஏதாவது பேசுப்பா" என்று செயலாளர் அண்ணன் சொன்னார். வடை பாயசத்தோடு சாப்பாடு போட்டுவிட்டுத் தூங்கக் கூடாது என்றால் எப்படி? ஆகவே கார் பந்தயம் பற்றிப் பேசுகிறேன். அந்தச் சத்தத்திலாவது விழித்திருப்பீர்கள்.

நம் ஊரிலிருந்து சென்னைக்குப் போகும்போது, ஸ்ரீபெரும்புதூரைத் தாண்டியதும் இருங்காட்டுக்கோட்டை. 1990 முதல் அங்கே பந்தயத் தடம் இருக்கிறது. அதற்கு முன் பந்தயங்கள் சோழவரத்தில், இரண்டாம் உலகப்போர்க் காலத்து விமான ஓடுதளத்தில் நடந்தன. கோவையைச் சேர்ந்த நரேன் கார்த்திகேயன் தன் முதல் பந்தயத்தை ஓட்டியது நம்ம ஸ்ரீபெரும்புதூர்ப் பக்கம்தான். ஃபார்முலா மாருதி என்ற கார். ஒரே இருக்கை, நான்கு சக்கரமும் உடலுக்கு வெளியே தெரியும். 2005-ல் அவர் ஃபார்முலா ஒன் பந்தயத்தில் ஓடிய முதல் இந்தியர் ஆனார். அந்த ஆண்டு ஜூன் 19 அன்று அமெரிக்காவில் இண்டியானாபொலிஸ் நகரில் நான்காவதாக வந்து 5 புள்ளி எடுத்தார். அவர் ஃபார்முலா ஒன்னில் எடுத்த மொத்தப் புள்ளியே அந்த ஐந்துதான்.

ஆனால் அன்று ஓடிய கார்கள் எத்தனை தெரியுமா? ஆறே ஆறு! வந்தவை இருபது. மீதி பதினான்கு என்ன ஆயின என்பதுதான் நான் சொல்ல வந்த கதை.

இண்டியானாபொலிஸ் தடம் 1909-ல் கட்டப்பட்டது. ஓவல் என்கிறார்கள். உண்மையில் அது மூலைகளை மழுக்கிய நீள்சதுரம். நம்ம தேர் சுற்றுகிற வீதி மாதிரி நான்கு முனை. ஒரு சுற்று சுமார் 4 கிலோமீட்டர். 1911 முதல் அங்கே 500 மைல் பந்தயம் நடக்கிறது, 200 சுற்று. 1996 தகுதிச் சுற்றில் ஆரி லுயெண்டைக் என்பவர் நான்கு சுற்றுச் சராசரியாக மணிக்கு 381 கிலோமீட்டர் வேகத்தில் போயிருக்கிறார். நேர்ச்சாலையில் மட்டுமல்ல, நான்கு முனையையும் சேர்த்து!

இது எப்படி முடிகிறது? வளைவுகளில் தடம் உட்பக்கமாகச் சாய்ந்திருக்கிறது, 9 டிகிரிக்குச் சற்று மேல். தட்டையான வளைவில் காரை வெளியே வீசாமல் பிடித்து வைப்பது டயரின் உராய்வு மட்டுமே. சாய்வு இருந்தால் தடமே காரை உள்ளே தாங்குகிறது. அதனால் ஆக்ஸிலரேட்டரிலிருந்து காலை எடுக்காமல் போகலாம். முதல் வருட மெக்கானிக்ஸ் பாடம், அரியர் வைத்தவர்களுக்கு இன்னும் நன்றாக ஞாபகம் இருக்கும். ஆனால் சும்மா எதுவும் கிடைக்காது. அந்த வேகத்தில் கார் தடத்தோடு அழுத்தப்படுகிறது. அந்தப் பாரம் முழுக்க டயரின் தலையில்தான். பக்கவாட்டில் ஒரு இழுப்பு, மேலிருந்து ஒரு அமுக்கு. சக்கரம் ஒவ்வொரு முறை சுற்றும்போதும் டயரின் பக்கச்சுவர் மடங்கி நிமிர்கிறது.

ஃபார்முலா ஒன் கார்கள் அந்தத் தடத்தில் எதிர்த்திசையில் வந்து, ஓவலின் ஒரு முனையை மட்டும் உபயோகித்தன. அந்த ஆண்டின் மற்றத் தடங்களில் இப்படிச் சாய்ந்த, முழு வேக வளைவு இல்லை. போதாக்குறைக்கு, தகுதிச் சுற்றுக்கும் பந்தயத்துக்கும் சேர்த்து ஒரே டயர் செட் என்பது 2005-ன் விதி. வெள்ளிக்கிழமைப் பயிற்சியில் ரால்ஃப் ஷூமாக்கரின் இடது பின் டயர் அந்த வளைவில் போய்விட்டது. கார் சுவரில் மோதியது. பதினான்கு கார்களுக்கு டயர் கொடுத்தது மிஷெலின் நிறுவனம். அதன் பொறியாளர்கள் கழற்றிய டயர்களைச் சோதித்துவிட்டு, வேகத்தைக் குறைக்காமல் இந்த வளைவில் பந்தயம் ஓடுவது பாதுகாப்பில்லை என்று எழுதிக் கொடுத்துவிட்டார்கள். வளைவுக்கு முன் வேகத்தைக் குறைக்கும் நெளிவு ஒன்று அமைத்துத் தரக் கேட்டார்கள். சரியான டயரோடு வந்தவர்களுக்கு அது அநியாயம் என்று பன்னாட்டுக் கூட்டமைப்பு மறுத்தது. அந்தப் பக்கமும் நியாயம் இருக்கிறது.

ஞாயிற்றுக்கிழமை இருபது கார்களும் முன்னோட்டச் சுற்று வந்தன. பிறகு பதினான்கும் வரிசையாகத் திரும்பிக் கொட்டகைக்குள் போய்விட்டன. பணம் கொடுத்து வந்த கூட்டம் கூச்சல் போட்டது, பாட்டில் வீசியது. மிஷெலின் நிறுவனம் டிக்கெட் பணத்தைத் திருப்பித் தர முன்வந்தது. அடுத்த ஆண்டுப் பந்தயத்துக்கு 20,000 டிக்கெட் வாங்கித் தருவதாகவும் அறிவித்தது. அணிகள் மேல் விசாரணை வந்தது. இவ்வளவு அவமானமும் நடந்தது. ஆனால் பந்தயத்தில் ஒருவருக்கும் டயர் வெடிக்கவில்லை. யாரும் சாகவும் இல்லை.

நரேன் கார்த்திகேயனின் நான்காம் இடத்தை நான் குறைத்துப் பேசவில்லை. அவர் டயர் சரியாக இருந்தது, ஓட்டினார், வாங்கினார். நான் நினைத்துப் பார்ப்பது, யாரும் கைதட்டாத அந்த டயர் பொறியாளர்களை.

வைகாசியில் வரதர் தேர் வரும்போது தேரடிப் பக்கம் நின்று பாருங்கள். வடம் பிடிக்க ஆயிரம் கை. சக்கரத்தடியில் கட்டையோடு குனிந்து ஓடுகிறவர்கள் ஒரு சிலர். முனையில் தேரைத் திருப்புவதும், சரிவில் நிறுத்துவதும் அவர்கள்தான். ஆனால் பேச்சுவழக்கில் நாம் என்ன சொல்கிறோம்? "அவன் எல்லாத்துக்கும் முட்டுக்கட்டை போடறவன்யா" என்று திட்டுகிறோம். முட்டுக்கட்டை இல்லாமல் எந்தத் தேர் நிலைக்கு வந்திருக்கிறது?

இன்னொன்றையும் கவனியுங்கள். அந்தப் பொறியாளர்கள் சொன்ன 'முடியாது' சரியானது, ஆனால் தாமதமானது. அந்த வளைவுக்குத் தாங்காத டயர் அங்கே வந்து சேர்ந்ததே முந்தைய தவறு. தேர் முனைக்கு வந்த பிறகு கட்டையைத் தேடக் கூடாது. முன்னாடியே கையில் இருக்கணும்.

ஏதோ அமெரிக்காக் கதை என்று நினைக்க வேண்டாம். 2023-ல் நம் இருங்காட்டுக்கோட்டைத் தடத்திலேயே இரண்டு உயிர் போயிற்று. ஜனவரியில் அனுபவம் மிக்க கார் ஓட்டுநர் ஒருவர், ஆகஸ்டில் பைக் ஓட்டிய 13 வயதுப் பையன். வேகம் இருக்கிற இடத்தில் பொறியாளரின் கையெழுத்துக்குப் பின்னால் ஓர் உயிர் நிற்கிறது. பந்தயத் தடத்துக்கு வெளியேயும் அப்படித்தான்.

நான் முன்பு வேலை பார்த்த ஒரு உதிரிபாகத் தொழிற்சாலையில், தரப் பரிசோதனையில் இளம் பெண் ஒருவர் இருந்தார். நம் ஊர் நெசவாளர் வீட்டுப் பிள்ளை. மாசக் கடைசி, வாசலில் லாரி நிற்கிறது. ஒரு பெட்டியில் எடுத்த ஸ்டியரிங் பாகத்தில் மயிரிழை விரிசல். "ஒண்ணுதானேம்மா, கையெழுத்துப் போடு, போகட்டும்" என்றார்கள். அந்தப் பெண் போடவில்லை. "இழை அறுந்தா எங்கப்பா தறியை நிறுத்திட்டு முடிச்சுப் போட்டுத்தான் மேல நெய்வார் சார். இதுல முடிச்சும் போட முடியாதே" என்றார். மொத்தத்தையும் பிரித்துச் சோதித்ததில் மேலும் சில கிடைத்தன. சரக்கு மூன்று நாள் தாமதமாகப் போனது. பாராட்டு விழா எதுவும் நடக்கவில்லை. அந்த வருஷம் அவருக்குப் பதவி உயர்வும் வரவில்லை. அதையும் சொல்லாமல் விட்டால் உங்களை ஏமாற்றியதாகும்.

தம்பி தங்கைகளே, ஒரகடம், ஸ்ரீபெரும்புதூர்ப் பக்கம் உங்களில் பலர் வேலைக்குப் போவீர்கள். வேகமாக வேலை செய்யுங்கள், வடம் பிடியுங்கள், நல்லது. ஆனால் ஒரு நாள் உங்கள் முன்னால் ஒரு காகிதம் வரும், பேனாவும் வரும், வாசலில் லாரியும் நிற்கும். அன்றைக்கு யாராவது உங்களை முட்டுக்கட்டை என்று சொன்னால் கோபப்படாதீர்கள். அது நம் ஊரில் ஒரு கௌரவமான உத்தியோகம்.

அண்ணன்மார்களுக்கும் ஒரு வேண்டுகோள். நம்மில் பலர் இன்று அதிகாரியாக இருக்கிறோம். அப்படி ஒரு பிள்ளை நம் மேஜை முன்னால் வந்து நின்றால், உட்கார வைத்துக் கேட்போம். அந்த வருஷத்துப் பதவி உயர்வுப் பட்டியலில் அந்தப் பெயரையும் எழுதுவோம்.